க்ரெய்கெல்லாகியில் அடித்த கடைசி ஆணி

கனடா வரலாறு பற்றிய புத்தகம் எதைப் புரட்டினாலும் ஒரு கறுப்பு வெள்ளைப் படம் கண்ணில் படும். கோட்டும் தொப்பியும் போட்ட ஆண்கள் கூட்டம். நடுவில் வெள்ளைத் தாடிக்காரர் ஒருவர் குனிந்து தண்டவாளத்தில் ஆணி அடிக்கிறார். இடம், பிரிட்டிஷ் கொலம்பியா மலைகளுக்குள் இருக்கும் க்ரெய்கெல்லாகி. நாள், 1885 நவம்பர் 7. கிழக்கிலிருந்து வந்த பாதையும் மேற்கிலிருந்து வந்த பாதையும் அன்றைக்குத்தான் ஒன்று சேர்ந்தன.

முதலில் பார்த்தபோது ஏதோ திறப்பு விழாப் படம் என்று நினைத்துக் கடந்துவிட்டேன். கனேடியன் பசிபிக் ரயில்வே பற்றிக் குறிப்பு எடுக்க ஆரம்பித்த பிறகுதான், படத்தில் யாரெல்லாம் இல்லை என்ற கேள்வி வந்தது. இந்தப் பதிவு அங்கேருந்து கிளம்பினதுதான்.

முதல்ல, இவ்வளவு பெரிய பாதை எதுக்கு? 1867 ஜூலை 1-ஆம் தேதி கனடா என்ற கூட்டாட்சி பிறந்தபோது அதில் இருந்தவை ஒண்டாரியோ, கியூபெக், நியூ பிரன்ஸ்விக், நோவா ஸ்கோஷியா என்ற நான்கு மாகாணங்கள் மட்டும். எல்லாமே கிழக்கில். அதே வருஷம் அமெரிக்கா ரஷ்யாவிடமிருந்து அலாஸ்காவை வாங்கியது. 1869-இல் அமெரிக்காவின் கண்டம் கடந்த ரயில் பாதையும் முடிந்துவிட்டது. நடுவில் கிடந்த பரந்த புல்வெளியை 1870-இல் ஹட்சன்ஸ் பே கம்பெனியிடமிருந்து மூன்று லட்சம் பவுண்டு கொடுத்துக் கனடா எடுத்துக்கொண்டது. அங்கே வாழ்ந்தவர்களை யாரும் கேட்கவில்லை.

பசிபிக் கரையில் பிரிட்டிஷ் கொலம்பியா தனியாகக் கிடந்தது. குடியேறிய வெள்ளைக்காரர்கள் பத்தாயிரம் பேர் அளவுக்குத்தான். பூர்வகுடிகள் அதைவிட அதிகம். இணைப்புப் பேச்சுக்காக 1870-இல் அவர்களுடைய பிரதிநிதிகள் ஓட்டாவாவுக்குக் கிளம்பினார்கள். எப்படிப் போனார்கள் தெரியுமா? கப்பலில் சான் பிரான்சிஸ்கோ போய், அங்கிருந்து அமெரிக்க ரயில் ஏறி! கனடாவுக்குள்ளேயே போக வழி கிடையாது. இதைவிடத் தெளிவாகப் பிரச்சினையை யாரும் விளக்க முடியாது. உடனடியாக ஒரு வண்டிப்பாதையாவது கிடைத்தால் போதும் என்று போனவர்களுக்கு, பத்து வருஷத்துக்குள் ரயிலே தருகிறோம் என்று வாக்கு கிடைத்தது. 1871 ஜூலை 20-ஆம் தேதி மாகாணம் இணைந்தது.

வாக்கு கொடுப்பது எளிது. 1872 தேர்தலுக்குப் பிரதமர் ஜான் மெக்டொனால்டின் கட்சி, ரயில் ஒப்பந்தத்தை எதிர்பார்த்திருந்த தொழிலதிபர் ஹ்யூ ஆலனிடம் பணம் வாங்கியது வெளியே வந்து, 1873-இல் ஆட்சியே போனது. 1878-இல் மெக்டொனால்ட் திரும்பி வந்தார். 1880 அக்டோபரில் புது ஒப்பந்தம். கம்பெனிக்குக் கிடைத்ததைப் பாருங்க: 2.5 கோடி டாலர் ரொக்கம், 2.5 கோடி ஏக்கர் நிலம், அரசு ஏற்கெனவே போட்ட பாதைகள் இலவசம், வரிவிலக்கு. அதுக்கும் மேலே, மேற்கில் அமெரிக்க எல்லைப் பக்கம் போட்டிப் பாதை எதுவும் 20 வருஷத்துக்கு வரக்கூடாது என்ற விதி. சரக்கு தெற்கே போகாமல் கிழக்கு மேற்காக மட்டும் ஓட வேண்டும் என்பதுதான் கணக்கு. புல்வெளி விவசாயிகளுக்கு இது பெரிய எரிச்சல். கம்பெனி சொன்னதுதான் கட்டணம். அவர்கள் போராடி 1888-இல் அந்த விதியை எடுக்க வைத்தார்கள்.

ரயில் எங்கே போனதோ அங்கேதான் ஊர். வடமேற்குப் பிரதேசத்தின் தலைநகரம் அதுவரை பேட்டில்ஃபோர்ட். கம்பெனி தெற்குப் பாதையைத் தேர்ந்தெடுத்தது. 1883-இல் தலைநகரம் தண்டவாளத்தின் மேல் முளைத்த ரெஜைனாவுக்கு மாறிவிட்டது.

இப்போ படத்தில் இல்லாதவர்கள். மலைப்பகுதியில் ஃப்ரேசர் ஆற்றுப் பள்ளத்தாக்கை ஒட்டிப் பாறையை வெடி வைத்துக் குடைந்து பாதை போட்டவர் ஒப்பந்தக்காரர் ஆண்ட்ரூ ஓண்டர்டாங்க். அவரிடம் வேலை செய்ய 1880-களின் முதல் பாதியில் சுமார் 15,000 சீனத் தொழிலாளர்கள் வந்தார்கள். நாள் கூலி ஒரு டாலர். சாப்பாடும் கூடாரமும் அதிலேயே. பக்கத்தில் நின்ற வெள்ளைத் தொழிலாளிக்கு ஒன்றரை டாலரும் அதற்கு மேலும். வெடி, பாறைச் சரிவு, ஸ்கர்வி நோய் என்று குறைந்தது 600 பேர் செத்தார்கள். சீனர்கள் இல்லாவிட்டால் ரயில் இல்லை என்று மெக்டொனால்டே நாடாளுமன்றத்தில் வாதாடினார். பாதை முடியப் போகிறது என்றதும் பேச்சு மாறியது. 1885 ஜூலையில், கடைசி ஆணிக்கு நான்கு மாதம் முன்பே, சீனர் உள்ளே வர தலைக்கு 50 டாலர் வரி என்று சட்டம் வந்தது. 1903-இல் அது 500 டாலர், அதாவது ஒரு தொழிலாளியின் இரண்டு வருஷக் கூலி. 1923-இல் கதவே சாத்தப்பட்டது. மறுபடி திறந்தது 1947-இல்.

அடுத்து புல்வெளி மக்கள். காட்டெருமைக் கூட்டங்கள் 1880 வாக்கில் கிட்டத்தட்ட அழிந்தே போயிருந்தன. பட்டினியில் இருந்த க்ரீ மக்களுக்கு ஒப்பந்தப்படி தர வேண்டிய உதவியை அரசு ஆயுதமாக்கியது. ரயில் பாதை போகும் தெற்குப் பகுதியை விட்டு வடக்கே ஒதுக்கிய நிலத்துக்குப் போனால்தான் உணவு. ஜேம்ஸ் டாஷுக் என்ற வரலாற்றாசிரியர் 2013-இல் வெளியிட்ட நூலில் இதை ஆவணங்களோடு எழுதியிருக்கிறார். படிக்கச் சுலபமான புத்தகம் இல்லை.

1885 மார்ச்சில் மெட்டி மக்கள் லூயி ரியேல் தலைமையில் எழுந்தார்கள். பூர்வகுடிகளுக்கும் ஐரோப்பியர்களுக்கும் பிறந்த கலப்பு வழியினர் இவர்கள். நிலம் கைவிட்டுப் போகிறது என்பதுதான் குறை. 1869-70-இல் இதே ரியேல் எழுந்தபோது கிழக்கிலிருந்து படை போய்ச் சேர மூன்று மாதம் ஆனது. இந்த முறை சுப்பீரியர் ஏரிக்கு வடக்கே பாதை முடியாமல் சுமார் 140 கிலோமீட்டர் இடைவெளி இருந்தும், திறந்த வண்டிகளிலும் பனிச் சறுக்கு வண்டிகளிலும் உறைந்த ஏரியின் மேல் நடந்தும், பத்து நாளுக்குள் முதல் படைகள் வின்னிபெக் சேர்ந்துவிட்டன. மே மாதமே எழுச்சி நசுக்கப்பட்டது.

இன்னொரு விஷயம் அப்போது நடந்தது. கம்பெனி திவாலாகும் நிலையில் இருந்தது. இனி ஒரு டாலர்கூட தர மாட்டோம் என்ற குரல்கள் இந்தப் படை நகர்வுக்குப் பிறகு அடங்கின. நாடாளுமன்றம் கடன் உதவி கொடுத்தது. கணக்குப் போட்டுப் பார்த்தால், ரியேலின் எழுச்சிதான் ரயிலைக் காப்பாற்றியது. அந்த ரயில்தான் ரியேலைத் தோற்கடித்தது.

நவம்பர் 7-ஆம் தேதி கம்பெனி இயக்குநர் டொனால்ட் ஸ்மித் அடித்த முதல் ஆணி வளைந்துவிட்டது. அதைப் பிடுங்கிப் போட்டு இன்னொன்று அடித்தார். அமெரிக்காவில் போலத் தங்க ஆணி கிடையாது, சாதாரண இரும்புதான். அந்த நேரம் ரியேல் ரெஜைனா சிறையில் இருந்தார். ஒன்பது நாள் கழித்து, நவம்பர் 16-ஆம் தேதி, தூக்கிலிடப்பட்டார். பிரெஞ்சு பேசும் கியூபெக் கொதித்துப் போனது. இரண்டு கரைகளை ஒட்டிய அதே மாதத்தில் இரண்டு மொழிக்காரர்களுக்கு நடுவே விழுந்த விரிசல் பல தலைமுறைக்கு ஆறவில்லை.

இதையெல்லாம் படிச்ச பிறகு, ரயில் கனடாவைக் கட்டியது என்ற பாடப்புத்தக வரியைப் பொய் என்று என்னால் சொல்ல முடியவில்லை. பாதை வராமல் இருந்திருந்தால் பிரிட்டிஷ் கொலம்பியா அமெரிக்கப் பக்கம் சாய்ந்திருக்க வாய்ப்பு நிறையவே இருந்தது. ஆனா 'கட்டியது' என்ற வார்த்தைக்குள் யாருடைய கூலி, யாருடைய பட்டினி, யாருடைய நிலம் இருக்கிறது என்று சேர்த்தே படிக்கணும்.

2006 ஜூன் 22-ஆம் தேதி கனடா நாடாளுமன்றத்தில் தலைவரிக்காக மன்னிப்புக் கேட்கப்பட்டது. வரி கட்டியவர்களில் அப்போது உயிரோடு இருந்தவர்களுக்கும், இறந்துபோனவர்களின் துணைவர்களுக்கும் தலா 20,000 டாலர். அதைக் கேட்க வான்கூவரிலிருந்து ஓட்டாவாவுக்கு அந்தக் குடும்பங்களில் சிலர் ரயிலில்தான் போனார்கள்.