தோளில் ஏறிய கேமரா

1968-இன் தொடக்க மாதங்களில் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால் இந்தியாவைச் சுற்றி வந்தார். உடன் வந்தவர்கள் இருவர்தான்: கேமராவுக்கு எட்டியென் பெக்கர், ஒலிப்பதிவுக்கு ழான்-குளோத் லொரோ. மயிலாப்பூர்த் தேர்க்கூட்டத்துக்குள் மூன்றே பேர் நுழைந்து படமும் ஒலியும் எடுக்க முடிந்தது என்றால், அதற்கு அப்போது வந்திருந்த புதுவகைக் கருவிகளே காரணம்.

அதுவரை பேச்சையும் படத்தையும் ஒருசேரப் பதிவதென்றால் பெரும்பாலும் ஸ்டூடியோவுக்குத்தான் போக வேண்டும். ஓடும் கேமராவின் இரைச்சலை அடக்க, அதைக் கனத்த உறைக்குள் மூடித் தாங்கியில் நிறுத்துவார்கள். 1960களில் பிரான்ஸின் எக்ளேர் நிறுவனம், அதிகச் சத்தமில்லாத 16 மி.மீ. கேமராவைத் தோளில் வைத்து இயக்கும்படி செய்தது. ஒலிப்பதிவாளர் ஸ்விட்சர்லாந்தின் நாக்ரா டேப் ரிக்கார்டரை மாட்டிக்கொண்டு பக்கத்திலேயே நடப்பார். ஃபிலிம் நொடிக்கு 24 படம் ஓட வேண்டும். மோட்டாரோ லேசாக வேகம் கூடும், குறையும். அந்த ஏற்ற இறக்கத்தை மின்துடிப்பாக மாற்றி டேப்பிலேயே பதிந்துவைத்தார்கள். பிறகு அதை வைத்து உதட்டசைவோடு குரலை இழை பிசகாமல் சேர்த்துவிடலாம். 400 அடிச் சுருள் ஒன்று 11 நிமிடம் ஓடும்.

மால் எடுத்தவை 'ஃபாண்டம் இந்தியா' என்று ஏழு பகுதிகளாக 1969-இல் வந்தன. இரண்டாம் பகுதி முழுக்கச் சென்னை. பிபிசி ஒளிபரப்பியதும் இந்திய அரசு கோபம் கொண்டது. 1970-இல் பிபிசியின் தில்லி அலுவலகமே மூடப்பட்டது. வறுமையைத் தேடிப் பிடித்துக் காட்டினார் என்ற குறை இன்றும் உண்டு. அவர் பிரெஞ்சில் ஓயாமல் சொல்லிக்கொண்டே போகும் விளக்கங்கள் எனக்கும் ஒப்பவில்லை. ஆனால் மக்கள் கேமராவை நேருக்கு நேர் உற்றுப் பார்க்கும் காட்சிகளை அவர் வெட்டவில்லை. வேடிக்கை பார்க்க வந்தவரை ஊரே வேடிக்கை பார்க்கிறது. வந்தவர் அந்நியர் என்பதை மறைக்காத அந்த நேர்மைக்காகவே படத்தைப் பார்க்கலாம்.

நம் ஊர்த் திருவிழாக்களுக்கும் அப்படி மனிதர்களைப் பார்க்கும் கேமரா வேண்டும். ஸ்ரீமுஷ்ணம் பூவராகப் பெருமாள் மாசி மகத்துக்குக் கிள்ளைக் கடற்கரைக்கு எழுந்தருளும்போது, அங்குள்ள தர்காவைச் சேர்ந்த இஸ்லாமியர்கள் வரவேற்று மரியாதை செய்கிறார்கள். எத்தனையோ கைபேசிகள் அதைப் பிடிக்கின்றன, ஆனால் பெரும்பாலும் பெருமாள் முகத்தையே. சாமியைச் சுமந்து வரும் ஸ்ரீபாதம் தாங்கிகளின் பேச்சு, மாலையோடு காத்திருப்பவர்களின் பரபரப்பு, வழியோரப் பந்தலில் மோர் ஊற்றுபவரின் அவசரம் எல்லாம் கைநழுவிப் போகின்றன. மாலிடம் இருந்ததைவிட நல்ல கருவி இன்று நம் சட்டைப் பையில் கிடக்கிறது. அடுத்த மாசி மகத்தில் உள்ளூர்ப் பிள்ளைகள் யாராவது கேமராவைச் சாமி பக்கமிருந்து திருப்பி, பின்னணிப் பாட்டு சேர்க்காமல், அந்த மனிதர்களோடு ஒரு சுருள் நேரம் நடந்து எடுக்கட்டும்.