உகந்தையிலிருந்து கதிர்காமம்: தண்ணீரைக் கணக்கிட்டு நடக்கும் பாதை

ஆலையடிவேம்பிலிருந்து புறப்படுவதற்கு முதல்நாள் மாலை என் முதுகுப் பையைப் பக்கத்துக் கடையின் அரிசித் தராசில் வைத்து நிறுத்துப் பார்த்தேன். 13 கிலோ இருந்தது. எங்கள் குழுவை வழிநடத்திச் செல்லும் சாமி அந்த நேரம் பார்த்து வந்தார். 60 வயதைத் தாண்டியவர், இதே பாதையில் பல தடவை நடந்தவர். பையைத் திறந்து பார்த்துவிட்டு அவர் கேட்ட முதல் கேள்வி, "தண்ணிக் கான் எங்க?"

ஒரு லீற்றர் போத்தல் இரண்டைக் காட்டினேன். அவர் சிரிக்கவில்லை. இரண்டாவது சோடிச் சப்பாத்து, டின் பிஸ்கட், தலையணை, இரண்டு புத்தகம் எல்லாவற்றையும் வெளியே எடுத்து வைத்தார். அந்த இடத்தில் ஐந்து லீற்றர் வெறும் கான் ஒன்றைச் செருகினார். "இது நிறைஞ்ச பிறகுதான் உண்மையான பாரம் வரும் புள்ள. அதுக்கு இடம் வை."

ஒரு வாரத்துக்கு மேல் நீண்ட அந்த நடையில் நான் கற்றுக்கொண்டது பெரும்பாலும் இந்த ஒரு கானைச் சுற்றியதுதான்.

எந்தப் பாதை இது?

கிழக்கில் வளர்ந்தவர்களுக்குக் கதிர்காமப் பாதயாத்திரையை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. யாழ்ப்பாணம் தொண்டைமானாறு செல்வச்சந்நிதியிலிருந்து புறப்படுபவர்கள் ஒரு மாதத்துக்கு மேல் நடந்து முல்லைத்தீவு, திருகோணமலை, மட்டக்களப்பு வழியாக எங்கள் ஊரைக் கடப்பார்கள். சிறுவயதில் வீதியோரம் நின்று அவர்களுக்கு மோர் கொடுத்தது நினைவிருக்கிறது. எங்களைப் போன்றவர்கள் இங்கிருந்து சேர்ந்துகொள்வோம். தம்பிலுவில், திருக்கோவில் சித்திரவேலாயுத சுவாமி ஆலயம், கோமாரி, பொத்துவில், அறுகம்பை, பாணமை, பிறகு உகந்தைமலை முருகன் ஆலயம். கோமாரிக்குப் பக்கத்தில்தான் இலங்கையின் கிழக்குக் கோடியான சங்கமன்கண்டி முனை இருக்கிறது.

உகந்தை வரை ஊர்களும் கடைகளும் உண்டு. பொத்துவிலில் ஒரு முஸ்லிம் வியாபாரி எங்களை நிறுத்தி, குழுவில் இருந்த 26 பேருக்கும் சர்பத் கரைத்துக் கொடுத்தார். "எங்கட ஆக்களும் கதிர்காமத்துக்குப் போறதுதானே" என்றார். உண்மைதான். கதிர்காமத்தில் ஒரு பள்ளிவாசல் இருக்கிறது. முருகன் கோவில் திருவிழா நடக்கும் அதே காலத்தில் அங்கேயும் கொடியேற்றம் நடக்கும்.

உகந்தையோடு வீதி முடிகிறது. அதற்கப்பால் குமண தேசிய பூங்காவும் யால தேசிய பூங்காவும். கதிர்காமம் வரை சுமார் 80 கிலோமீற்றர். சாதாரணமாக 4 முதல் 6 நாள். பாதையின் முதற்பகுதி கடலை ஒட்டியே போகிறது. மணல்மேடு, கற்பாறைக் குன்று, களப்பு, முட்பற்றை, மரமே இல்லாத வெட்டை என்று மாறிக்கொண்டே இருக்கும். கடலின் இரைச்சல் காதில் கேட்கும், குடிக்கத் தண்ணீர் இருக்காது. கும்புக்கன் ஆற்றைக் கடந்த பிறகு பாதை உள்ளே திரும்பி நாவலடி, வியாழை, கட்டகாமம் என்று போகும். யால என்பதைத்தான் எங்கள் ஆட்கள் வியாழை என்கிறார்கள்.

இந்த இடப்பெயர்களை வரிசையாகச் சொல்லும்போது சாமி ஊர்ப்பெயர் சொல்வதுபோலச் சொல்லவில்லை. ஒவ்வொன்றும் அவருக்கு ஒரு தண்ணீர்க் குறிப்பு. எங்கே கிணறு இருக்கிறது, எங்கே ஆற்று மணலில் ஊற்றுத் தோண்டலாம், எங்கே தண்ணீர் இருந்தாலும் உவர்ப்பு, எங்கிருந்து எங்கே வரை ஒரு சொட்டும் கிடையாது என்பதுதான் அவருடைய வரைபடம். 2004 சுனாமியில் இந்தக் கரையோரத்தில் பல கிணறுகள் உப்பேறிப்போயின. அந்த மாற்றங்களும் அவருடைய கணக்கில் உண்டு.

ஏன் இந்த மாதத்தில்?

திருவிழா ஆடியை ஒட்டி வருவதால் காட்டுப் பாதை பெரும்பாலும் ஜூன் கடைசியிலோ ஜூலையிலோ இரண்டு வாரமளவில்தான் திறக்கப்படும். அந்த நேரம் தென்மேற்குப் பருவக்காற்று வீசும். மேற்கிலும் மலைநாட்டிலும் மழையைக் கொட்டிவிட்டு, மலையைத் தாண்டி எங்கள் பக்கம் இறங்கும்போது அது வெறும் வெப்பக் காற்றாகிவிடுகிறது. எங்கள் ஊரில் இதைக் கச்சான் என்கிறோம். வியர்வை வந்ததே தெரியாது, அதற்குள் காய்ந்துவிடும். அதனால் உடம்பில் தண்ணீர் குறைவதும் தெரியாது.

இந்த வறட்சிக்கு ஒரு நன்மையும் உண்டு. மழைக்காலத்தில் கால் வைக்க முடியாத கும்புக்கன் ஆறு இந்த நேரம் இறங்கிக் கடக்கக்கூடிய அளவுக்கு வற்றியிருக்கும். நாங்கள் கடந்தபோது எனக்கு முழங்காலுக்கு மேல் தண்ணீர். முதலை இருக்கும் ஆறு என்பதால் சாமி எல்லோரையும் ஒன்றாக, கைகோத்து, சத்தம் போட்டபடி கடக்க வைத்தார். தனியாகக் குளிக்க ஒருவரையும் விடவில்லை. பெண்களுக்கு வேறு நேரம் ஒதுக்கி, கரையில் இரண்டு மூத்த அம்மாமார் காவலுக்கு நின்றார்கள்.

பாலைப்பழம் பழுக்கும் காலமும் இதுதான். நடந்து களைத்தவர்கள் மரத்தடியில் பொறுக்கித் தின்பார்கள். கரடிகளும் அதே பழத்துக்காகத்தான் வரும். வீதியில் நடந்த நாட்களில் அதிகாலை 3 மணிக்கே புறப்பட்டோம். காட்டுக்குள் நுழைந்த பிறகு நன்றாக வெளிச்சம் வரும்வரை சாமி யாரையும் எழும்ப விடவில்லை. காரணம் கேட்டபோது, "விடியப்புறம் பாதை அதுகளுக்கு. விடிஞ்சா எங்களுக்கு" என்றார். காலை 10 மணிவரை நடை, வெயில் தாழும்வரை மரநிழல், பிறகு மாலை வெளிச்சம் இருக்கும்போதே தங்குமிடம். காட்டில் எங்கள் நேர அட்டவணை அவ்வளவுதான்.

நான் செய்த பிழை

காட்டில் மூன்றாம் நாள் காலை. குழுவின் வேகம் மிக மெதுவாக இருப்பதாக எனக்கு எரிச்சல். 68 வயது அம்மா ஒருவர் வெறுங்காலுடன் நடந்தார். அவருடைய நடைதான் முழுக் குழுவின் நடை. நானும் பல்கலைக்கழக மாணவர்கள் இருவரும் சொல்லாமல் முன்னே போனோம். கைத்தொலைபேசியில் சிக்னல் இல்லை. ஒரு வெட்டையின் ஓரத்தில் பாதை இரண்டாகப் பிரிந்தது. அகலமான பாதையில் திரும்பினோம்.

அது யானைகள் போட்ட பாதை. முக்கால் மணி நேரம் நடந்து, சேறு காய்ந்து வெடித்த ஒரு குளத்தில் போய் நின்றோம். குளத்தைச் சுற்றிப் புதிய இலத்தி கிடந்தது. என்னிடம் இருந்த ஒரு லீற்றர் தண்ணீர் முடிந்துவிட்டது. எங்கள் கால்தடத்தையே பார்த்துக்கொண்டு திரும்பி நடந்தோம்.

பாதை பிரிந்த இடத்தில் முழுக் குழுவும் வெயிலில் உட்கார்ந்திருந்தது. எங்கள் கால்தடம் போன திசையைப் பார்த்ததும் சாமி எல்லோரையும் அங்கேயே இருத்திவிட்டார். ஆட்களைத் தேடி ஆட்களை அனுப்பினால் தொலைபவர்கள் கூடுவார்கள் என்பது அவருடைய விதி. காத்திருந்த நேரத்தில் அன்று இரவு சோறு ஆக்க வைத்திருந்த தண்ணீரில் பாதியைக் குடித்துவிட்டார்கள். அடுத்த தண்ணீர் மறுநாள் காலையில்தான். அன்றிரவு 26 பேரும் நனைத்த அவலும் சீனியும் சாப்பிட்டோம். அந்த அம்மா தன் கோப்பையில் இருந்த தேநீரில் பாதியை எனக்கு ஊற்றினார். எனக்கு அவருடைய முகத்தைப் பார்க்க முடியவில்லை.

சாமி ஏசவில்லை. "உன்ர தண்ணிய மட்டும் நீ குடிக்கல்ல புள்ள" என்று மட்டும் சொன்னார். குழுவில் மெதுவாக நடப்பவரின் வேகத்தை எல்லோருடைய வேகமாக வைப்பது இரக்கத்தினால் மட்டும் செய்யும் காரியம் என்று நினைத்திருந்தேன். தண்ணீரைக் கணக்கிட வேறு வழி இல்லை என்பது அன்றுதான் புரிந்தது.

அதே தண்ணீர்தான் அவற்றுக்கும்

நாங்கள் தேடும் நீர்நிலைகளைத்தான் காடும் தேடுகிறது. குமண வில்லுவைச் சுற்றிப் பறவைகள் கூடுகட்டும் காலம் மே, ஜூன். வறட்சி ஏற ஏற யானை, எருமை, மான் எல்லாம் எஞ்சியிருக்கும் சில நீர்நிலைகளுக்கு வருகின்றன. அந்த நேரம் அந்தக் கரையிலேயே ஆயிரக்கணக்கானோர் அடுப்பு மூட்டி, சவர்க்காரம் போட்டுக் குளித்து, இரவு முழுக்கப் பஜனை பாடினால் அவை எப்போது தண்ணீர் குடிப்பது?

எங்கள் சாமி தண்ணீரை அள்ளிக்கொண்டு வந்து தள்ளித்தான் முகாம் போட்டார். பழைய குழுக்களின் வழக்கம் அது என்றார். இப்போது எல்லோரும் அப்படிச் செய்வதில்லை. போர் இந்த யாத்திரையைப் பல வருடம் குலைத்தது. 1980களில் யாழ்ப்பாணத்திலிருந்து நடப்பது நின்றுபோனது. குமண பூங்கா 1985 முதல் 2003 வரை மூடப்பட்டிருந்தது. அந்த இடைவெளியில் வழி தெரிந்த பலர் இல்லாமல் போனார்கள். போர் முடிந்த பிறகு ஆட்களின் எண்ணிக்கை பெருகியது. வழிநடத்துபவர்கள் அதே அளவுக்குப் பெருகவில்லை.

இன்று காட்டுக்குள் பல இடங்களில் தண்ணீர்த் தாங்கி வைத்து, பவுசரில் கொண்டுவந்து நிரப்புகிறார்கள். பாதுகாப்புப் படையினரும் தொண்டர்களும் அன்னதானம் கொடுக்கிறார்கள். இதைக் குறைசொல்ல எனக்கு மனமில்லை. வயதானவர்களும் நோயாளிகளும் உயிரோடு போய்ச் சேர இது உதவுகிறது. அடுத்த நாள் காலை அப்படி ஒரு தாங்கியடியில்தான் நானும் வயிறு நிறையக் குடித்தேன். ஆனால் தாங்கியைச் சுற்றிப் பிளாஸ்டிக் போத்தல், பொலித்தீன், சோற்றுப் பெட்டி என்று குவிந்திருந்தது. கான் சுமந்து வருபவருக்குத் தாங்கி ஒரு உதவி. தாங்கியை மட்டும் நம்பி வருபவர் வழிநெடுக வெறும் போத்தலை விட்டுச் செல்கிறார்.

கட்டுப்பாடு புதிதல்ல

கதிர்காம யாத்திரையில் அரசு தலையிடுவது இன்று தொடங்கிய காரியமும் அல்ல. 19ஆம் நூற்றாண்டில் கொலரா பரவியபோது பிரித்தானிய அரசாங்கம் யாத்திரிகர்களின் எண்ணிக்கையைக் கட்டுப்படுத்தியது. அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபராக இருந்த லெனார்ட் வூல்ஃப், பின்னாளில் எழுத்தாளராகப் புகழ்பெற்றவர், 1910இல் கதிர்காமத்தில் தங்கியிருந்து திருவிழாவை மேற்பார்வை செய்தார். கொலரா தண்ணீரால் பரவும் நோய். அன்றைய சிக்கலும் தண்ணீர்தான்.

வெளிநாட்டு உதாரணம் ஒன்று. கனடாவின் வன்கூவர் தீவில் 'வெஸ்ட் கோஸ்ட் டிரெய்ல்' என்று 75 கிலோமீற்றர் கடலோரப் பாதை இருக்கிறது. கிட்டத்தட்ட உகந்தை - கதிர்காமம் அளவு. அங்கே ஒரு நாளைக்கு இத்தனை பேர்தான் என்று வரையறை. அனுமதிக்குப் பணம் கட்ட வேண்டும். தன் குப்பையைத் தானே சுமந்துவர வேண்டும்.

எண்ணிக்கை வரையறையை இங்கே அப்படியே கொண்டுவர முடியாது. ஒரு மாதத்துக்கு மேல் நடந்து வந்தவரை உகந்தையில் நிறுத்தி 'இன்றைக்கு இடமில்லை' என்று சொல்வது எப்படி? பணம் வாங்கினால் முதலில் நின்றுபோவது அந்த அம்மா போன்றவர்கள். ஆனால் குப்பைக் கணக்கைக் கொண்டுவரலாம். குழுவாக, பொறுப்பான ஒருவரின் பெயரில் பதிவது. உள்ளே கொண்டுபோகும் போத்தலை உகந்தையில் எண்ணி, கட்டகாமத்தில் திரும்ப எண்ணுவது. தனியாக வருபவர்களை வழி தெரிந்த ஒரு குழுவோடு சேர்த்துவிடுவது. இதற்கெல்லாம் கோவில் நிர்வாகங்களும் வனஜீவராசிகள் திணைக்களமும் ஒரு மேசையில் உட்கார்ந்தால் போதும். நாமாகச் செய்யாவிட்டால், இன்று இரண்டு வாரமளவில் திறக்கும் பாதை நாளை அதைவிடக் குறைந்த நாட்களுக்குத் திறப்பதை யாரும் தடுக்க முடியாது.

போக நினைப்பவர்களுக்கு

பாதை திறக்கும் திகதி ஒவ்வொரு வருடமும் மாறும். மாவட்டச் செயலகங்களில் நடக்கும் கூட்டங்களுக்குப் பிறகு அறிவிக்கப்படும். முதல்தடவை என்றால் தனியாகப் போக வேண்டாம். திருக்கோவில், உகந்தை ஆலயங்களில் விசாரித்தால் குழுக்களைப் பற்றி அறியலாம். முதுகில் 8 கிலோவுக்கு மேல் வேண்டாம், தண்ணீர் வேறு. பழகிய செருப்பு, ஒரு படங்கு, டோர்ச், அவல், சீனி, உப்பு. குடிக்கும் தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடியுங்கள். பொலித்தீன் வேண்டாம். குழுவில் மிக மெதுவாக நடப்பவர் யார் என்று முதல்நாளே பார்த்து வைத்து, அவருக்கு முன்னால் போகாதீர்கள்.

கட்டகாமத்துக்கு வந்த மாலை என் கானில் ஒரு லீற்றரளவு மிச்சம் இருந்தது. கொட்டிவிட்டுப் பாரத்தைக் குறைக்கலாமா என்று சாமியிடம் கேட்டேன். பின்னால் ஒரு குழு இன்னும் வரவில்லை என்றார். கானைப் பாதையோரம் வைத்துவிட்டு, அவர்கள் வரும்வரை பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.