சமண முனிவர்களின் தமிழ்

ஹட்டனிலும் நுவரெலியாவிலும் பாடசாலைப் பிள்ளைகள் தோன்றல், திரிதல், கெடுதல் என்று புணர்ச்சி விதி படிக்கிறார்கள். அந்தப் பாடம் 13ஆம் நூற்றாண்டுச் சமண முனிவர் பவணந்தியின் நன்னூல் வழியே வருவது. சைவமும் வைணவமும் மேலோங்கிய காலத்திலும் இலக்கணம், நிகண்டு, காப்பியம் மூன்றிலும் சமணர் எழுத்து நிலைத்து நின்றது.

காப்பியங்களில் தலையாயது திருத்தக்கதேவரின் சீவக சிந்தாமணி. பாடியவர் துறவி, நூலுக்கோ மணநூல் என்று இன்னொரு பெயர். சீவகன் தந்தை இழந்த நாட்டை மீட்கிறான், எட்டுப் பெண்களை மணக்கிறான், முடிவில் அத்தனையும் துறக்கிறான். இன்பத்தை மறைக்காமல் முழுதாகக் காட்டிய பிறகே துறவைப் பேசியது தேவரின் பெரும் துணிவு. விருத்தப்பாவில் நெடுங்காப்பியம் பாடும் வழியையும் அவரே திறந்தார். கம்பர் பின்னால் வந்தார்.

சமணக் குடும்பங்களுக்குச் சிந்தாமணி வழிபாட்டு நூலும்கூட. உ.வே.சாமிநாதையர் கும்பகோணத்தில் ஒரு சமணர் வீட்டுக்குப் போனபோது வாசலில் தோரணமும் கோலமும் இருந்தன. சிந்தாமணி படித்து நிறைவேறிய நாள் அது. விளங்காத இடங்களைச் சமணர்களிடமே கேட்டுத் தெளிந்து, சைவரான அவர் 1887இல் நூலைப் பதிப்பித்தார்.

சமணர் நூல்களைப் பரப்பியதில் ஈழத்தவர் பங்கும் பெரிது. சைவத்துக்காகவே வாழ்ந்த யாழ்ப்பாணத்து ஆறுமுக நாவலர் நன்னூலுக்குக் காண்டிகையுரை தந்தார். சி.வை.தாமோதரம்பிள்ளை 1889இல் தோலாமொழித்தேவரின் சமணக் காப்பியமான சூளாமணியை அச்சேற்றினார்.

தமிழகத்திலிருந்து மலையகத் தோட்டங்களுக்கு வந்த நம் முன்னோர் பலருக்குச் சமணம் அயலானதல்ல. புதுக்கோட்டைச் சீமையில் சித்தன்னவாசல் சமணக் குகை ஓவியம் இருக்கிறது. ஆர்க்காட்டுப் பக்கம் ஆரணி, வந்தவாசி ஊர்களில் தமிழ்ச் சமணர் இன்றும் வாழ்கிறார்கள்.