எட்டாம் வகுப்பில் நிற்கும் ஒரு கணக்கு

புது தில்லி: எக்ஸ் வர்க்கம், கூட்டல் 7 எக்ஸ், கூட்டல் 12. இக்கோவையைக் காரணிப்படுத்தப் பெருக்கினால் 12, கூட்டினால் 7 தரும் இரு எண்கள் வேண்டும். 3, 4 எனக் கண்டுவிட்டால், எக்ஸ் கூட்டல் 3, எக்ஸ் கூட்டல் 4 என்ற இரண்டின் பெருக்கமாகக் கோவை பிரிந்துவிடும்.

தேசிய கல்வி ஆராய்ச்சி மற்றும் பயிற்சிக் குழுமம் 2008-ல் வெளியிட்ட எட்டாம் வகுப்புக் கணித நூலில் இதற்கெனத் தனி அத்தியாயமே இருந்தது. 2025-ல் வந்த 'கணித பிரகாஷ்' நூல் பங்கீட்டுப் பண்பிலிருந்து முற்றொருமைகளை விளக்குகிறது. ஒன்பதாம் வகுப்பின் பல்லுறுப்புக் கோவையும் பத்தாம் வகுப்பின் இருபடிச் சமன்பாடும் இதன் மீதே நிற்கின்றன.

எண்களைப் பிரிக்கத் தெரியாதவருக்கோ இந்த வாசல் திறப்பதில்லை. 'அசர்' அமைப்பின் 2024-ஆம் ஆண்டு ஊரக ஆய்வில், மூன்றிலக்க எண்ணை ஓரிலக்க எண்ணால் வகுக்கத் தெரிந்த எட்டாம் வகுப்பு மாணவர் பாதிக்கும் குறைவு. வகுத்தலே வராத பிள்ளை 12-ன் காரணிகளை எங்கே தேடும்?

கணிதப் பாடத்திட்டம் அகன்று விரியாமல் ஒல்லியாக உயர்ந்து நிற்கிறது என்று 2005 தேசியக் கலைத்திட்டத்துக்கான கணிதக் கவனக் குழு அன்றே சுட்டிக்காட்டியது. அதன் தலைவர் சென்னை கணித அறிவியல் நிறுவனத்தின் ஆர். ராமானுஜம். ஒரு படியில் தவறியவர் மேற்படிகள் அனைத்தையும் இழக்கிறார் என்பதே அக்குழுவின் கவலை.

கல்வி உரிமைச் சட்டத்தின் கட்டணமில்லாக் கல்வி உறுதியும் எட்டாம் வகுப்போடு முடிகிறது. அதே வகுப்பில் தேர்ச்சி பெறாதோரை நிறுத்தி வைக்க, 2019-ல் திருத்தப்பட்ட அச்சட்டத்தின் கீழ் 2024 டிசம்பரில் மத்திய அரசு விதி வகுத்தது. கேந்திரிய வித்யாலயா, நவோதயா பள்ளிகள் இதன் கீழ் வருகின்றன. ஆண்டுத் தேர்வில் தவறியவருக்குக் கூடுதல் பயிற்சி, இரண்டு மாதத்தில் மறுதேர்வு. அதிலும் தவறினால் அதே வகுப்பு.

நான்காண்டுகளாகச் சேர்ந்த குறையை இரண்டு மாதத்தில் நிரப்பச் சொல்கிறது விதி. மாநில அரசுப் பள்ளிகளில் பழைய முறையே தொடரும் எனத் தமிழக அரசு அறிவித்தது. மாநிலத்தில் உள்ள கேந்திரிய வித்யாலயாக்களுக்கு அந்த விலக்கு இல்லை. நிறுத்தப்பட்ட மாணவரின் கற்றல் இடைவெளி எது எனக் கண்டறியும் பொறுப்பை விதி வகுப்பாசிரியரிடமே விட்டிருக்கிறது.