துணைநடிகையின் பெருமை

மாளிகையைக் காண்போர் முகப்பை வியப்பர். பாரந் தாங்கும் தூணை நினைப்போர் சிலரே. ஹொலிவூட் திரைப்படங்களில் அத்தகைய தூணாக விளங்கியவர் தெல்மா ரிட்டர்.

1902 ஆம் ஆண்டு நியூயோர்க் நகரின் புரூக்ளினிற் பிறந்த இவர், மேடையிலும் வானொலியிலும் நடித்துப் பழகியவர். 1947 இல் வெளிவந்த 'மிரக்கிள் ஒன் தேர்ட்டி ஃபோர்த் ஸ்ட்ரீட்' என்பதே முதற்படம். மகன் விரும்பிய நத்தார்ப் பரிசைத் தேடி அலைந்து களைத்த தாயாகச் சிறிது நேரமே தோன்றினார். நடிகர் பட்டியலிற் பெயர்கூட இடம்பெறவில்லை.

பின்னர் வேலைக்காரி, தாதி, தாய் எனப் பல பாத்திரங்கள் வந்தன. பிறர் காணாத உண்மையைக் கண்டு சொல்வதே அவற்றின் பணி. 1950 இல் வந்த 'ஆல் அபௌட் ஈவ்' படத்தில், புகழ்பெற்ற நடிகையை அண்டிவந்த இளம்பெண்ணின் வஞ்சகத்தை முதலில் உணர்பவள் ரிட்டர் நடித்த பணிப்பெண்ணே.

1953 இல் வந்த 'பிக்கப் ஒன் சவுத் ஸ்ட்ரீட்' படத்தில், கழுத்துப்பட்டிகளோடு பொலிசாருக்குத் துப்பும் விற்றுப் பிழைக்கும் முதியவளாக நடித்தார். அநாதைப் பிணமாகப் புதைபடாமல் நல்லடக்கம் பெறவேண்டும் என்பதற்காகவே அவள் பணஞ் சேர்க்கிறாள். ஆயினும், தேசத்துரோகி ஒருவன் கேட்கும் முகவரியை விற்க மறுத்து உயிர் துறக்கிறாள். அக்காட்சியை அழுது அரற்றாமல், உழைத்து ஓய்ந்தவளின் குரலிலேயே நடத்தினார் ரிட்டர்.

ஆறு முறை ஒஸ்கார் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டும், ஒருமுறையேனும் அதைப் பெறாமலே 1969 இற் காலமானார். கதையை நடத்துவோர் கதாநாயகர். அது மனிதர் வாழ்வில் நிகழ்வதென்று நம்மை நம்பச் செய்வோர் இத்தகைய துணைநடிகரே.