துண்டு துண்டாக வரும் விளையாட்டு

கம்ப்யூட்டர் விளையாட்டு என்றால் முன்பெல்லாம் கடையில் சி.டி. வாங்க வேண்டும். அதில் கீறல் விழுந்தால் போச்சு!

அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 2003 செப்டம்பரில் 'ஸ்டீம்' என்ற மென்பொருளை வெளியிட்டது. தன் விளையாட்டுகளுக்குத் திருத்தங்களை அனுப்பத்தான் அதைத் தொடங்கினார்கள். பிறகு அதுவே பெரிய கடையாகிவிட்டது.

அதில் 'இன்ஸ்டால்' பொத்தானை அழுத்தினால் என்ன நடக்கிறது, தெரியுமா? முதலில் கம்ப்யூட்டரில் இடம் இருக்கிறதா என்று பார்க்கும். பிறகு விளையாட்டு சுமார் 1 மெகாபைட் அளவுள்ள துண்டுகளாக வரும். ஒவ்வொரு துண்டுக்கும் ஓர் அடையாள எண் உண்டு. துண்டுக்குள் இருப்பதை வைத்துக் கணக்கிட்ட எண் அது. வந்த துண்டுக்கு மறுபடி கணக்குப் போட்டுப் பார்க்கும். எண் பொருந்தாவிட்டால் அந்தத் துண்டை மட்டும் திரும்பக் கேட்டு வாங்கும். வகுப்பில் பெயர் கூப்பிட்டு, வராதவனைத் தேடி மட்டும் ஆள் அனுப்புவோமே, அப்படித்தான்! பாதியில் கரண்ட் போனாலும் விட்ட இடத்திலிருந்து தொடரும்.

ஆனால், ஒரு சிக்கலும் உண்டு. 2004 நவம்பரில் 'ஹாஃப் லைஃப் 2' வந்தபோது, சி.டி. வாங்கியவர்களும் இணையம் வழியாக ஸ்டீமில் பதிவு செய்தால்தான் விளையாட முடிந்தது. வெளியான அன்று சர்வர்கள் திணறின. சி.டி.யைக் கையில் வைத்துக்கொண்டே பலர் காத்திருந்தார்கள், பாவம்!

பழைய சி.டி.யை நண்பனுக்கு இரவல் கொடுக்கலாம். ஸ்டீமில் நாம் வாங்குவதோ விளையாட்டை அல்ல, விளையாடும் உரிமத்தை மட்டுமே. 2024 அக்டோபரிலிருந்து பணம் கட்டும் இடத்திலேயே இதை எழுதிக் காட்டுகிறார்கள். பிடிக்கவில்லையா? வாங்கி 14 நாட்களுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக விளையாடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம்.