நிலக்கரிச் சுரங்கங்களின் கழிவு மேடுகள்

நிலக்கரி வெட்டும் தொழிலில் கரியைக் காட்டிலும் மிகுதியாக வெளிவருவன கல்லும் மண்ணுமே. ஜரியா, சிங்ரௌலி, தால்ச்சேர் ஆகிய கரிவயல்களின் வழியே செல்வோர் தொலைவிற் காணும் குன்றுகளுட் பல, இயற்கைக் குன்றுகள் அல்ல. சுரங்கத்தினின்று அள்ளிக் கொட்டப்பட்ட கழிவு மேடுகளேயாம். இவை எவ்வாறு உண்டாகின்றன, இவற்றால் நேரும் தீங்குகள் யாவை, அவற்றைத் தடுக்கும் வழிகள் எவை என்பனவற்றைக் களப் பணியாளரும் ஆசிரியரும் அறிந்திருத்தல் நலம்.

இராணிகஞ்சில் 1774ஆம் ஆண்டில் நம் நாட்டின் கரிச் சுரங்கத் தொழில் தொடங்கிற்று. அன்று முதல் 1970களின் தொடக்கம் வரை, கரியின் பெரும்பகுதி நிலத்தடிச் சுரங்கங்களிலிருந்தே எடுக்கப்பட்டது. அம்முறையில் வெளிவரும் கழிவு சிறிதே. இன்றோ பத்தில் ஒன்பது பங்குக்கும் மேற்பட்ட கரி, திறந்தவெளிச் சுரங்கங்களிலிருந்து கிடைக்கின்றது. கரியடுக்கின் மேலே கிடக்கும் மணற்கல், களிப்பாறை, மண் ஆகிய அனைத்தையும் வெடிவைத்து உடைத்து அகற்றிய பின்னரே கரியைத் தொட இயலும். இவ்வாறு அகற்றப்படுவதை மேற்படிவு என்று குறிப்போம். சுரங்க ஊழியர் இதனை ‘ஓ.பி.’ என்றே வழங்குவர். ஒரு டன் கரிக்கு இரண்டு, மூன்று கன மீட்டர் மேற்படிவை நீக்குவது பல சுரங்கங்களில் இயல்பு. ஒரு கன மீட்டர் மணற்கல்லின் எடை இரண்டு டன்னுக்கு மேலாகும். ஆகவே ஒரு டன் கரிக்கு நான்கு முதல் ஆறு டன் கல் என்று கணக்கிட்டுக்கொள்ளலாம். நமது நெய்வேலியில் பழுப்பு நிலக்கரி டன் ஒன்றுக்கு ஐந்து கன மீட்டருக்கும் மேற்பட்ட மண்ணை அகற்ற நேர்கின்றது.

தோண்டிய குழியிலேயே அக்கல்லை மீண்டும் இட்டால் என்ன என்று மாணவர் கேட்கக்கூடும். கேள்வி தக்கதே. ஆயின் முதற் குழி வெட்டப்படும்பொழுது இட்டு நிரப்ப வெற்றிடம் ஏதும் இராது. ஆதலின் தொடக்க ஆண்டுகளின் மேற்படிவு முழுதும் சுரங்கத்திற்கு வெளியே, வேறொரு நிலத்தின்மீது குவிக்கப்பட்டே தீரவேண்டும். கரி எடுத்த பகுதி போதிய அளவு விரிந்த பின்னரே, முன்னே வெட்டிய மண்ணைப் பின்னேயுள்ள பள்ளத்தில் இட்டுச் செல்லும் உட்கொட்டல் முறை கைகூடும். மேலும், உடைந்த கல் தன் பழைய இடத்திற்குள் அடங்குவதில்லை. துண்டுகளுக்கிடையே காற்று புகுவதால் அதன் பருமன் நான்கில் ஒரு பங்களவு பெருகுகின்றது.

கழிவு மேட்டின் முதற்பெரும் அபாயம் சரிவு. உலர்ந்த மணலைத் தட்டில் மெல்லப் பொழிந்தால் அது ஒரு குறிப்பிட்ட சாய்வு வரையே நிற்கும். மேலும் பொழிந்தால் வழிந்துவிடும். அச்சாய்வே அப்பொருள் தானே நிலைகொள்ளும் கோணம். வகுப்பறையில் இதனைக் கோணமானி கொண்டு அளந்து காட்டலாம். பிறகு குவியலின் அடியில் ஒரு மெல்லிய குழாயைச் செருகிச் சிறிது நீர் விட்டால், மேற்புறம் உலர்ந்தே இருக்க, அடி இளகிக் குவியல் முழுதும் பரந்து அமர்வதை மாணவர் நேரிற் காண்பர். துளைகளில் நிறையும் நீர் துகள்களைத் தாங்கி உயர்த்துவதால், அவற்றை ஒன்றோடொன்று பிணிக்கும் உராய்வு குறைந்துவிடுகின்றது.

இதனால் விளைந்த கொடுமைக்கு வேல்ஸ் நாட்டின் அபர்வான் ஊரே சான்று. அங்கு மலைச்சரிவில், ஊற்று நீர் கசியும் இடத்தின்மேல் சுரங்கக் கழிவைப் பல ஆண்டுகளாகக் குவித்து வந்தனர். 1966 அக்டோபர் 21 அன்று காலை, மழையில் ஊறிய அம்மேடு குழம்பாகிப் பாய்ந்து, கீழேயிருந்த பள்ளியை மூடிற்று. மாண்டோர் 144 பேர். அவர்களுள் 116 பேர் சிறுவர் சிறுமியர். அங்கு ஊற்று இருந்தது ஊரார் அறிந்த செய்தி; பள்ளிக்கு மேலே மேடு வளர்வது பற்றி முன்னரே முறையீடுகளும் எழுந்திருந்தன. நம் நாட்டிலும் ஜார்க்கண்டு மாநிலம் கோட்டா மாவட்டத்து லால்மாட்டியாவில், 2016 டிசம்பர் 29 அன்று இராஜ்மகால் திறந்தவெளிச் சுரங்கத்தின் மேற்படிவுப் பகுதி சரிந்து, பொறிகளோடு மனிதரையும் புதைத்தது. அதில் 23 பேர் உயிரிழந்தனர்.

2017ஆம் ஆண்டின் நிலக்கரிச் சுரங்க ஒழுங்குவிதிகள் இதற்கென அளவுகளை வகுத்துள்ளன. மேட்டின் சாய்வு 37.5 பாகையைத் தாண்டலாகாது. முப்பது மீட்டருக்கு மேல் உயரும் மேடு படிகளாக அமைதல் வேண்டும். எந்தப் படியும் முப்பது மீட்டரை மிஞ்சலாகாது. மேட்டின் மொத்தச் சாய்வு, ஒரு பங்கு உயரத்திற்கு ஒன்றரைப் பங்கு கிடைநீளம் என்ற அளவிற்குள், அதாவது ஏறத்தாழ 34 பாகைக்குள் அமைய வேண்டும். எனினும் அளவுகோல் மட்டும் மேட்டைக் காத்துவிடாது. அடித்தளம் குழியை நோக்கிச் சாய்ந்திருப்பின், அல்லது வழுக்குந் தன்மையுள்ள களிமண்மீது கொட்டப்பட்டிருப்பின், விதிக்குட்பட்ட மேடும் நகரக்கூடும். மேட்டின் தலைப்பில் புதிய வெடிப்புகள், அடிவாரத்தில் புடைப்பு, முன்பு இல்லாத இடத்தில் நீர்க்கசிவு ஆகிய மூன்றில் ஒன்றைக் கண்டாலும் ஆட்களையும் பொறிகளையும் அகற்றிய பின்னரே ஆராய்ச்சி செய்யத்தக்கது. பெரிய சுரங்கங்களில் இந்நாளில் சரிவுகளின் மில்லிமீட்டர் அளவு அசைவையும் ராடார் கருவிகள் காட்டுகின்றன. மழைக்காலத்திற்கு முன் மேட்டைச் சுற்றிலும் வாய்க்கால் வெட்டுவதும், அடியில் கற்சுவர் எழுப்புவதும் பழைய முறைகளே. அவை இன்றும் கைவிடத்தக்கன அல்ல.

இரண்டாவது அபாயம் தீ. மேற்படிவோடு கரித்துண்டுகளும் கரி கலந்த களிப்பாறையும் சேர்ந்தே கொட்டப்படுகின்றன. இவை காற்றிலுள்ள பிராணவாயுவை மெல்ல ஏற்று வெப்பமடைகின்றன. தளர்ந்த மேட்டினுள் காற்று நுழையும். ஆனால் அவ்வெப்பத்தை வெளியே கொண்டுசெல்லும் அளவுக்கு வீசாது. ஆகவே உட்புறம் சூடேறித் தானே பற்றிக்கொள்கின்றது. ஜரியாவில் 1916 முதல் அறியப்பட்டுள்ள நிலத்தடித் தீயும் இவ்வகை வேதிவினையின் விளைவே. கழிவை மெல்லிய அடுக்குகளாகப் பரப்பி அழுத்துதலும், மேலே களிமண் போர்த்துதலும் காற்றைத் தடுக்கும். பற்றிய மேட்டின்மீது கண்டபடி நீர் பாய்ச்சுவது நன்றன்று. கொதிக்கும் கரிமீது படும் நீர் எரியும் வாயுக்களையும் நீராவியையும் உண்டாக்கி வெடிப்புக்கு வழிசெய்யலாம்.

நீர் கெடுதல் எல்லா வயல்களிலும் ஒரே தன்மையதன்று. தாமோதர், சோன், மகாநதிப் பள்ளத்தாக்குகளின் கோண்டுவானாக் கரியில் கந்தகம் பொதுவாக நூற்றில் ஒரு பங்குக்கும் குறைவு. அங்கு ஓடைகளைத் தூர்க்கும் வண்டல்தான் பெருந்தொல்லை. அஸ்ஸாம், மேகாலயக் கரியிலோ கந்தகம் மிகுதி. அங்குக் கழிவிலுள்ள பைரைட் என்னும் இரும்புக் கந்தகக் கனிமம், காற்றும் நீரும் பட்டுக் கந்தக அமிலமாக மாறுகின்றது. ஜயந்தியா மலைப்பகுதியின் ஓடைகள் சிலவற்றில் மீன் இல்லாதொழிந்தமைக்குக் காரணம் இதுவே. அத்தகைய கழிவைச் சுண்ணாம்புக் கல்லோடு கலந்து, காற்றுப் புகாதவாறு மூடிவைத்தல் வேண்டும்.

கரி கழுவும் ஆலைகளின் கழிவு வேறு வகை. நம் கரியில் சாம்பற் பொருள் தனியடுக்காக இராது, கரியோடு நுண்ணியதாய்ப் பிணைந்து கிடக்கின்றது. மாக்னடைட் தூளைக் கலந்து அடர்த்தி மிகுந்த நீரில் இட்டால் நல்ல கரி மிதக்கும், கல் தாழும். ஆயினும் தாழும் கல்லோடு கரியும் ஓரளவு போய்விடுகின்றது. இக்கழிவை மிதவைப் படுகைக் கொதிகலன்களில் எரித்து மின்சாரம் எடுக்கலாம். வீணே குவித்து வைப்பதைவிட அது மேல், தீயின் அபாயமும் குறையும்.

மேட்டைப் பசுமையாக்குவது பொறுமை வேண்டும் பணி. உடைந்த கல்லில் மக்கு இல்லை, நைட்ரஜன் இல்லை, ஈரம் தங்குவதில்லை. ஆதலின் வெட்டத் தொடங்கும்பொழுதே மேலுள்ள விளைமண்ணைத் தனியே சேர்த்து வைத்தல் விதி. இம்மண்ணையும் மலைபோற் குவித்து ஆண்டுக்கணக்கில் விட்டுவிட்டால், அதனுள் வாழும் நுண்ணுயிர்கள் மடிந்து அது வெறும் மண்ணாகிவிடும். உயரங்குறைந்த குவியலாக வைத்து, மேலே பயறு வகைச் செடிகளை விதைத்து, விரைவிற் பயன்படுத்துவதே முறை. நடும்பொழுதும் முதலிற் புல்லும் ஸ்டைலோ போன்ற பயறினச் செடிகளும், பின்னர்ப் புங்கு, குமிழ், சிசு முதலிய மரங்களும் என்ற வரிசை ஏற்றது. விரைவில் வளரும் அயல்நாட்டு மரம் ஒன்றையே மேடெங்கும் நட்டுப் படம் எடுத்து அனுப்பும் வழக்கத்தை இவ்விடத்தே பாராட்டுவதற்கில்லை. அவ்வகைத் தோப்புகளின் அடியில் பெரும்பாலும் புல்லும் முளைப்பதில்லை, மழையும் மண்ணை அரித்துக்கொண்டே இருக்கின்றது.

மேற்படிவின் ஒரு பகுதி கழிவே அன்று. நிலத்தடிச் சுரங்கங்களில் கரித்தூண்களை எடுத்தபின் மேல்நிலம் அமிழாதிருக்க, ஆற்றுமணலை நீரோடு கலந்து செலுத்தி நிரப்புவது வழக்கம். இதற்கென 1939ஆம் ஆண்டிலேயே சட்டம் இயற்றப்பட்டது. தாமோதர் ஆற்றின் மணல் இவ்வாறு பெருமளவில் அள்ளப்பட்டு வந்தது. மணற்கல் மிகுந்த மேற்படிவை நொறுக்கிக் கழுவினால், அவ்வேலைக்கும் கட்டட வேலைக்கும் ஏற்ற மணல் கிடைக்கும். நாகபுரியை அடுத்த பானேகாவ் சுரங்கத்தில் இதற்கென ஆலை அமைக்கப்பட்டது. சிங்ரௌலி வயலிலும் அவ்வாறே. களிப்பாறை மிகுந்த மேட்டிற்கு இம்முறை பொருந்தாது. ஆகவே கொட்டும்பொழுதே மணற்கல்லையும் களிப்பாறையையும் வேறுவேறு மேடுகளாகப் பிரித்து, எது எங்குள்ளது என்பதைச் சுரங்கப் படத்திற் குறித்து வைக்கும் ஊழியரின் உழைப்பு, இருபது ஆண்டுகளுக்குப் பின் அங்கு மணல் எடுக்க வருவோருக்குப் பயன்படும்.